கடை நடத்தும் கையும் பாக்கெட் கிழிக்கும் கையும்

கடை வைத்துப் பிழைப்பது நம் சமுதாயத்துக்குப் புதிய செய்தியன்று. பள்ளி விட்டு வந்ததும் புத்தகப் பையை ஓரமாக வைத்துவிட்டு, வாப்பாவின் கடையில் பொட்டலம் மடித்துப் பழகிய பிள்ளைகள் எத்தனையோ பேர்! சரக்கின் அடக்க விலை என்ன, மீதிச் சில்லறையை எப்படி எண்ணிக் கொடுப்பது, வாடிக்கையாளர் முகம் சுளித்தால் என்ன பேசுவது என்பனவெல்லாம் அவர்களுக்குக் கல்லாப்பெட்டியின் அருகிலேயே கிடைத்த கல்வி. இன்று அந்தக் கடைகள் பலவற்றில் பிள்ளைகளைக் காண முடிவதில்லை. ஆயினும் வியப்புக்குரிய செய்தி ஒன்று உண்டு. அதே பிள்ளைகள் வீட்டில் கணினியின் முன் அமர்ந்து, கற்பனைக் கடையொன்றைத் திறந்து, கொள்முதல் செய்து, விலை வைத்து, மணிக்கணக்கில் வியாபாரம் நடத்திக்கொண்டிருக்கிறார்கள்.

அந்தக் கடையில் என்ன விற்கப்படுகிறது? அதில் பிள்ளை கற்றுக்கொள்வது வணிகமா, வேறொன்றா? பெற்றோர் அறிந்திருக்க வேண்டிய இக்கேள்விகளைச் சற்று விரிவாக நோக்குவோம்.

திரைக்குள் ஒரு கடை

'டிசிஜி கார்டு ஷாப் சிமுலேட்டர்' என்பது அந்த ஆட்டத்தின் பெயர். சேகரித்தும், பரிமாறிக்கொண்டும், மோதவிட்டும் விளையாடப்படும் படக் கார்டுகளை விற்கும் கடையை நடத்திப் பார்க்கும் ஆட்டம் இது. மலேசியாவைச் சேர்ந்த ஓபிநியான் கேம்ஸ் என்னும் மிகச் சிறிய நிறுவனம் இதனை உருவாக்கி, 2024ஆம் ஆண்டு செப்டம்பர் 15ஆம் நாள், ஸ்டீம் என்னும் இணைய விற்பனைத் தளத்தில் முன்வெளியீடாகக் கொண்டுவந்தது. பெரும் நிறுவனங்கள் கோடி கோடியாகக் கொட்டி உருவாக்கும் ஆட்டங்களுக்கு நடுவே, இந்தச் சின்னஞ்சிறு கடை பல நாட்டு இளைஞர்களின் வரவேற்பைப் பெற்றது.

ஆட்டம் தொடங்கும்போது கையில் சிறு முதல், ஒரு சிறிய அறை, சில அலமாரிகள். அவ்வளவே. கைபேசியில் சரக்குக்குச் சொல்லி அனுப்பினால் பெட்டிகள் கடை வாசலில் வந்து இறங்கும். அவற்றைத் தூக்கி வந்து அலமாரியில் அடுக்க வேண்டும். ஒவ்வொன்றுக்கும் விலை குறிக்க வேண்டும். சந்தை விலை இன்னதென்று ஆட்டமே காட்டும். அது நாளுக்கு நாள் ஏறும், இறங்கும். சந்தை விலையைக் காட்டிலும் மிக அதிகமாக விலை வைத்தால் வருபவர்கள் வாங்காமல் போய்விடுவார்கள். மிகக் குறைத்து வைத்தால் சரக்கு பறந்துவிடும்; கையில் லாபம் நிற்காது.

வாசலில் தொங்கும் பலகையைத் திருப்பிக் கடையைத் திறந்ததும் வாடிக்கையாளர் வருவர். பொருள்களை எடுத்துக்கொண்டு கல்லாவுக்கு வருவர். ஒவ்வொரு பொருளையும் பதிவு செய்து, தொகையைப் பெற்று, மீதியை எண்ணிக் கொடுக்க வேண்டும். வரிசை நீண்டால் பொறுமை குலையும். நாள் முடிந்ததும் வரவு செலவுக் கணக்கு திரையில் விரியும். வாடகை, மின்கட்டணம், பின்னர் ஆள் வைத்துக்கொண்டால் அவருக்குச் சம்பளம் ஆகியவற்றைக் கட்டியாக வேண்டும். கடை வளர வளரப் புதிய சரக்குகளை விற்கும் உரிமம் கிடைக்கும். பக்கத்து இடத்தையும் சேர்த்துக் கடையை விரிவாக்கலாம்.

இந்தக் கடையில் மேசை நாற்காலிகளும் உண்டு. வாங்கிய கார்டுகளை வைத்து வாடிக்கையாளர்கள் எதிரெதிரே அமர்ந்து மோதிப் பார்ப்பதற்காக அவை போடப்படுகின்றன. கூட்டம் சேர்ந்தால் வியாபாரமும் சேரும். நகைச்சுவைக்கும் குறைவில்லை. குளிக்காமல் வந்து உட்கார்ந்து கடையையே நாறடிக்கும் வாடிக்கையாளர்களும் வருவார்கள். அவர்கள்மீது நறுமண நீரைத் தெளித்தால்தான் மற்றவர்கள் கடையில் நிற்பார்கள்! மேல்நாடுகளின் கார்டுக் கடைகளைப் பற்றி அங்குள்ளவர்கள் நெடுங்காலமாகச் சொல்லிச் சிரிக்கும் வேடிக்கையை ஆட்டத்தை உருவாக்கியவர் அப்படியே எடுத்துக்கொண்டிருக்கிறார். தூய்மை ஈமானின் பகுதி என்று ஓதி வளரும் நம் பிள்ளைகளுக்கு இதன் பொருளை விளக்க வேண்டியதில்லை.

கார்டுப் போர் பிறந்த கதை

இந்தக் கடையின் முதன்மைச் சரக்கு 'டெட்ராமான்' என்னும் கற்பனை உயிரினங்களின் படங்கள் பொறித்த கார்டுகள். பெயர் கற்பனை என்றாலும் அதன் முன்னோர்கள் உண்மையானவர்கள்.

1993ஆம் ஆண்டு, ரிச்சர்டு கார்ஃபீல்டு என்னும் அமெரிக்கக் கணித அறிஞர் 'மேஜிக்: தி கேதரிங்' என்ற கார்டு ஆட்டத்தை வடிவமைத்தார். விசார்ட்ஸ் ஆஃப் தி கோஸ்ட் என்னும் நிறுவனம் அதனை வெளியிட்டது. அதுவரை சீட்டாட்டம் என்றால் எல்லார் கையிலும் ஒரே 52 சீட்டுகள்தாம். கார்ஃபீல்டு அந்த முறையை மாற்றினார். ஆடுபவர் ஒவ்வொருவரும் தமக்கென்று கார்டுகளைச் சேர்த்து, தாமே ஒரு கட்டை அமைத்துக்கொண்டு வந்து மோத வேண்டும் என்று வைத்தார். எதிரி என்ன கார்டு கொண்டு வருவான் என்பது ஆடத் தொடங்கும்வரை தெரியாது. 1996ஆம் ஆண்டு ஜப்பானில் போக்கிமான் கார்டு ஆட்டம் வந்தது. 1999ஆம் ஆண்டு அது அமெரிக்காவை அடைந்து, சிறுவர் உலகையே ஆட்டிவைத்தது.

இந்த மோதலில் அறிவுக்கு இடமுண்டு என்பதை மறுக்க இயலாது. 'மேஜிக்' ஆட்டத்தில் ஒவ்வொருவருக்கும் 20 உயிர்ப் புள்ளிகள். குறைந்தது 60 கார்டுகள் கொண்ட கட்டு. அதில் நிலங்களைக் குறிக்கும் கார்டுகள் உண்டு. அவை தரும் ஆற்றலைச் செலவிட்டே மற்றக் கார்டுகளைக் களத்தில் இறக்க முடியும். நிலம் குறைந்தால் படை வாராது. நிலம் மிகுந்தால் இறக்கப் படை இராது. போக்கிமான் ஆட்டத்திலோ சரியாக 60 கார்டுகள். ஆறு கார்டுகளைப் பரிசாகக் கவிழ்த்து வைப்பார்கள். எதிரியின் உயிரினத்தை வீழ்த்தும்போதெல்லாம் தன் பரிசுக் கார்டுகளிலிருந்து எடுத்துக்கொள்ளலாம். ஆறையும் எடுத்து முடித்தவர் வென்றவர். எதை எடுப்பது, எதை விடுவது, எப்போது இறக்குவது, எப்போது கையில் வைத்துக் காத்திருப்பது என்று ஆடுபவர் சிந்தித்துக்கொண்டே இருக்க வேண்டும். தோற்றவன் தன் கட்டைத் திரும்பப் பார்த்து எங்கே தவறினோம் என்று ஆராய்வான்.

இன்னொரு செய்தியையும் அறிந்துகொள்ள வேண்டும். 'மேஜிக்' ஆட்டத்தின் முதல் விதிகளில், ஆடும் இருவரும் தத்தம் கட்டிலிருந்து ஒரு கார்டைப் பணயமாக வைக்க, வென்றவர் இரண்டையும் எடுத்துக்கொள்ளும் முறை இருந்தது. அது சூது என்ற எதிர்ப்பு எழுந்தது. கார்டை இழக்க ஆடுபவர்களுக்கும் மனம் வரவில்லை. நாளடைவில் அந்த முறை கைவிடப்பட்டது. பணயம் போனது, ஆனால் பாக்கெட் நின்றது. நாம் கவனிக்க வேண்டியது அந்தப் பாக்கெட்டைத்தான்.

பார்க்காமல் வாங்கும் சரக்கு

இந்தக் கார்டுகள் தனித்தனியாகக் கண்ணுக்குத் தெரியும்படி விற்கப்படுவதைவிட, ஒட்டப்பட்ட பாக்கெட்டுகளில் விற்கப்படுவதே பெருவழக்கம். 1993ஆம் ஆண்டின் 'மேஜிக்' பாக்கெட்டில் 15 கார்டுகள் இருந்தன. நாம் பேசும் கணினி ஆட்டத்தின் பாக்கெட்டில் ஏழு கார்டுகள். உள்ளே என்ன இருக்கிறது என்று வாங்குபவருக்குத் தெரியாது. பெரும்பாலானவை மலிவானவை. எப்போதாவது ஒன்றில் பளபளக்கும் அரிய கார்டு கிடைக்கும். அந்த ஒன்றின் விலை பாக்கெட்டின் விலையைப் போலப் பன்மடங்கு இருக்கும்.

உண்மை உலகில் இந்த விலைகள் எங்கே போய் நிற்கின்றன? லோகன் பால் என்னும் அமெரிக்க இணையப் பிரபலம் 2021ஆம் ஆண்டு ஒரேயொரு போக்கிமான் கார்டுக்கு 52 லட்சத்து 75 ஆயிரம் டாலர் மதிப்புக் கொடுத்து வாங்கினார். அதே ஆண்டு மே மாதம், அமெரிக்காவின் டார்கெட் என்னும் பெருங்கடை நிறுவனம், கார்டு வாங்க வந்தவர்களிடையே ஏற்பட்ட அடிதடியை அடுத்து, தன் கடைகளில் அவற்றின் விற்பனையையே சில காலம் நிறுத்தி வைத்தது. படம் அச்சிட்ட அட்டைக்காக மனிதர்கள் கைகலக்கும் நிலை!

கணினி ஆட்டத்துக்கு வருவோம். இங்கே பிள்ளை கடைக்காரன். அவனிடம் பாக்கெட் பெட்டி பெட்டியாக இருக்கிறது. ஒவ்வொன்றையும் என்ன செய்வது என்ற முடிவு அவன் கையில். அலமாரியில் வைத்து விற்றால் சிறிய, உறுதியான லாபம். தானே கிழித்துப் பார்த்தால் ஒன்றுமில்லாமலும் போகலாம், பெரும் விலைக்குரிய கார்டும் கிடைக்கலாம். கடை நடத்தும் கையும் பாக்கெட் கிழிக்கும் கையும் ஒரே பிள்ளைக்கு உரியவை. இந்த ஆட்டத்தின் சுவை முழுவதும் இந்த இழுபறியில்தான் இருக்கிறது. அதன் ஆபத்தும் அங்கேதான் இருக்கிறது.

மாலை மத்ரஸாவில் என்னிடம் ஓதும் மாணவன் ஒருவன், பாடம் முடிந்தபின் தயங்கித் தயங்கி இதைப் பற்றிக் கேட்டான்.

"ஹஜ்ரத், கடையில் விக்கிற பாக்கெட்டை நானே பிரிச்சுப் பார்த்தா அது சூதா?"

"பணம் யாருடையது தம்பி?"

"ஆட்டத்துப் பணம்தான் ஹஜ்ரத். நிசப் பணம் இல்லை."

"பிரித்துப் பார்த்து, உள்ளே நல்லது ஒன்றும் இல்லையென்றால் என்ன செய்வாய்?"

"இன்னொண்ணு பிரிப்பேன்."

"அதிலும் இல்லையென்றால்?"

அவன் சிரித்துவிட்டான். "அடுத்ததுல வந்துடும்னு தோணும் ஹஜ்ரத்."

அந்தக் கடைசி வாக்கியம் ஒரு சிறுவனுக்கு மட்டும் உரியதன்று. லாட்டரிச் சீட்டின் காலத்தில் நம் ஊர்களில் கூலி வாங்கிய கையோடு சீட்டுக் கடைக்குச் சென்ற உழைப்பாளிகளும் இதையேதான் சொன்னார்கள். குடும்பங்கள் நலிவதைக் கண்டு 2003ஆம் ஆண்டு தமிழக அரசு லாட்டரியைத் தடை செய்தது.

'அடுத்ததில் வரும்' என்னும் எண்ணம் ஏன் இவ்வளவு வலுவாக இருக்கிறது? அமெரிக்க உளவியலாளர் ஸ்கின்னர் புறாக்களை வைத்து ஆய்வு செய்தார். தட்டை எத்தனை முறை கொத்தினால் தானியம் விழும் என்பது நிச்சயமாகத் தெரிந்தபோது, புறா தானியத்தைத் தின்றுவிட்டுச் சற்று நின்று பிறகு கொத்தியது. எப்போது விழும் என்று தெரியாதபடி வைத்தபோதோ, ஓய்வின்றிக் கொத்திக்கொண்டே இருந்தது. தானியம் விழுவதை நிறுத்திவிட்ட பிறகும் அது எளிதில் ஓயவில்லை. ஃபெர்ஸ்டரும் ஸ்கின்னரும் இந்த ஆய்வுகளை 1957ஆம் ஆண்டு நூலாக வெளியிட்டனர். பாக்கெட் கிழிக்கும் கைக்கும் அந்தப் புறாவின் அலகுக்கும் அதிகத் தொலைவில்லை.

இனிக் கணக்கைப் பார்ப்போம். நூறு பாக்கெட்டுக்குச் சராசரியாக ஒன்றில் ஓர் அரிய கார்டு இருப்பதாக வைத்துக்கொள்வோம். நூறு பாக்கெட் பிரித்தால் ஒன்று உறுதி என்றுதான் பிள்ளை நினைக்கும். உண்மை அவ்வாறில்லை. நூறு பேர் ஆளுக்கு நூறு பாக்கெட் பிரித்தால், ஏறத்தாழ 63 பேருக்கே அந்தக் கார்டு ஒன்றேனும் கிடைக்கும். 37 பேர் நூறையும் கிழித்துவிட்டு வெறுங்கையுடன் நிற்பார்கள். தொண்ணூற்றொன்பது வெற்றுப் பாக்கெட்டுகளைக் கண்டவருக்கும், இப்போதுதான் முதல் பாக்கெட்டைத் தொடுபவருக்கும் அடுத்த பாக்கெட்டில் உள்ள வாய்ப்பு ஒன்றே. பாக்கெட்டுக்கு நினைவாற்றல் கிடையாது. மனிதனுக்கு அது இருப்பதால்தான் ஏமாறுகிறான்.

கல்லெறி வியாபாரம்

அறியாமைக் காலத்து அரபு நாட்டில் விந்தையான வியாபார முறைகள் சில இருந்தன. ஒரு சிறு கல்லை எறிவார்கள். அது எந்தத் துணியின்மேல் விழுகிறதோ அது விற்றதாகிவிடும். துணியை விரித்துப் பார்க்காமல், கையால் தொட்ட அளவிலேயே வியாபாரம் முடிந்துவிடும் முறையும் இருந்தது. இவற்றை நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் தடுத்தார்கள் என்பதை ஹதீஸ் நூல்களில் காண்கிறோம். என்ன கிடைக்கும் என்பது தெளிவில்லாத வியாபாரத்துக்கு 'கரர்' என்று பெயர். அதைத் தடுத்த செய்தியை அபூஹுரைரா (ரலி) அவர்கள் வாயிலாக இமாம் முஸ்லிம் அவர்கள் பதிவு செய்துள்ளார்கள். நனைந்த தானியத்தைக் குவியலின் அடியில் மறைத்து விற்ற வியாபாரியை அண்ணலார் கண்டித்து, மக்கள் பார்க்கும்படி அதை மேலே வைத்திருக்கலாகாதா என்று கேட்ட நிகழ்ச்சியும் நாம் அறிந்ததே. சரக்கின் உண்மை வாங்குபவர் கண்ணுக்குத் தெரிய வேண்டும் என்பது இவற்றின் அடிப்படை.

திருமறை அல்பகரா அத்தியாயத்தின் 219ஆம் வசனத்தில் மதுவையும் சூதையும் சேர்த்துப் பேசும்போது, அவற்றில் மனிதர்க்குச் சில பயன்களும் உண்டு, ஆயினும் பயனைவிடப் பாவமே பெரிது என்னும் கருத்தை உணர்த்துகிறது. இந்த நிதானம் நமக்கு ஒரு பாடம். ஒரு பொருளில் உள்ள நன்மையை மறைக்காமல் ஒப்புக்கொண்டு, பிறகு தீமையை எடைபோடும் முறை அது.

இந்தப் பாக்கெட் விற்பனை சூதுதானா என்று உலகம் முழுவதும் வழக்காடியிருக்கிறார்கள். 1999ஆம் ஆண்டு அமெரிக்காவின் சான் டியாகோ நகரில், போக்கிமான் பாக்கெட்டுகள் சட்டவிரோதச் சூதாட்டம் என்று பெற்றோர் வழக்குத் தொடுத்தனர். படக் கார்டுகளைப் பற்றிய இத்தகைய வழக்குகள் சிலவற்றில் 2002ஆம் ஆண்டு அந்நாட்டு மேல்முறையீட்டு நீதிமன்றம் ஒன்று, எதிர்பார்த்த கார்டு கிடைக்காத ஏமாற்றத்தைச் சட்டம் கூறும் சொத்திழப்பாகக் கொள்ள முடியாது என்று தீர்ப்பளித்தது. பணம் கொடுத்தவர் கார்டுகளைப் பெற்றுக்கொண்டாரே என்பது அதன் நோக்கு. 2001ஆம் ஆண்டு சவூதி அரேபியாவின் மார்க்க அறிஞர் குழு போக்கிமானுக்கு எதிராகத் தீர்ப்பு வழங்கியது. சூதுக்கு ஒப்பாக இருக்கிறது என்பது அதில் கூறப்பட்ட காரணங்களுள் ஒன்று.

பின்னர் காகிதப் பாக்கெட் கணினிக்குள்ளும் கைபேசிக்குள்ளும் புகுந்தது. உண்மைப் பணம் கட்டித் திறக்கும் மூடிய பெட்டிகள் பல ஆட்டங்களில் வந்தன. குறிப்பிட்ட கார்டுகள் முழுவதையும் சேர்த்தால்தான் பெரும்பரிசு என்னும் முறையை ஜப்பான் 2012ஆம் ஆண்டு தடுத்தது. 2018ஆம் ஆண்டு பெல்ஜியம் நாட்டுச் சூதாட்ட ஆணையம், பணம் கட்டித் திறக்கும் இத்தகைய பெட்டிகள் சில ஆட்டங்களில் சூதாட்டச் சட்டத்தை மீறுகின்றன என்று அறிவித்தது. நம் நாட்டில் 2025ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதம் நாடாளுமன்றம் இயற்றிய இணைய விளையாட்டுச் சட்டமும், பணத்தைக் கட்டிப் பணத்தை எதிர்பார்க்கும் ஆட்டங்களையும், பொழுதுபோக்குக்காக ஒரு முறை கட்டணம் செலுத்தி ஆடும் ஆட்டங்களையும் வேறுபடுத்தியே பார்க்கிறது.

இந்த வேறுபாடு நமக்கு மிகவும் தேவை. நாம் பேசும் கடை ஆட்டத்தில், ஆட்டத்தை விலை கொடுத்து வாங்கியபின், உள்ளே கிழிக்கப்படும் பாக்கெட்டுகள் ஆட்டத்தின் போலிப் பணத்தில் வாங்கப்படுபவை. அவற்றில் கிடைக்கும் கார்டை வெளியே விற்றுக் காசாக்க வழியில்லை. ஆகவே மாணவனின் கேள்விக்கு, இதனையும் பணம் வைத்தாடும் சூதையும் ஒரே தட்டில் வைக்க வேண்டாம் என்றே சொன்னேன். இது மார்க்கத் தீர்ப்பன்று. தீர்ப்புக்கு உரியவர்கள் முஃப்திகள். ஆனால் ஒன்றைச் சேர்த்துச் சொன்னேன். பணம் போலி, பழக்கம் உண்மை. இன்று போலிப் பாக்கெட்டைக் கிழித்துச் சுவை கண்ட விரல், நாளை வாப்பாவின் கைபேசியில் உண்மைப் பணம் கேட்கும் பாக்கெட்டின் முன் வந்து நிற்கும். அப்போது அது தயங்குமா என்பதே கேள்வி.

ஆட்டம் கற்றுத்தருவதும் மறைப்பதும்

தீமையை மட்டும் சொல்லி முடித்தால் நேர்மையாகாது. இந்த ஆட்டத்தில் ஓரிரவு செலவிட்ட பிள்ளைக்கு, கல்லாவில் விழும் பணம் முழுவதும் லாபம் அன்று என்பது புரிந்துவிடும். வாடகை காத்திருக்கிறது. விற்காத சரக்கு அலமாரியில் முடங்கிக் கிடக்கிறது. முதலைச் சரக்காக மாற்றிவிட்டுக் கையில் காசில்லாமல் நின்றால் அடுத்த கொள்முதல் நடவாது. விலை வைப்பதில் பேராசை கூடாது, அசட்டையும் கூடாது. இவற்றைப் பாடப்புத்தகத்தில் படித்து உணர்வதைவிடக் கடை நடத்தி உணர்வது எளிது. மதீனாவுக்கு ஹிஜ்ரத் வந்த அப்துர் ரஹ்மான் இப்னு அவ்ஃப் (ரலி) அவர்கள், தோழர் ஒருவர் தம் செல்வத்தில் பாதியைத் தர முன்வந்தபோதும், கடைத்தெரு எங்கே என்று கேட்டுச் சென்று உழைத்து உயர்ந்த வரலாறு நமக்கு உண்டு. வணிக ஆர்வம் பிள்ளைக்கு வருவதில் வருந்த ஒன்றுமில்லை.

ஆனால் திரைக்கடை சிலவற்றை மறைத்துவிடுகிறது. அங்கே கடன் சொல்லி வாங்குபவர் எவருமில்லை. ஆகவே கடன் நோட்டும் இல்லை, வசூலுக்கு அலையும் வேலையும் இல்லை. சரக்குக்குச் சொன்ன கணமே பெட்டி வாசலில் இறங்குகிறது. மழை பெய்து தெரு வெறிச்சோடிப் போவதில்லை. வாடிக்கையாளரின் வீட்டில் நோய் என்று கேட்டு விலையில் இரண்டு ரூபாய் விட்டுக்கொடுக்கும் நெஞ்சுக்கும் அங்கே வேலையில்லை. உண்மைக் கடையைத் தாங்கி நிற்பது இந்தக் கண்ணுக்குத் தெரியாத உறவுகள்தாம்.

எல்லாவற்றுக்கும் மேலாக, அங்கே அதிர்ஷ்டத்தின் அளவை ஆட்டத்தை அமைத்தவர் தீர்மானிக்கிறார். ஆடுபவர் மகிழ வேண்டும் என்பது அவர் நோக்கம். ஆகவே அரிய கார்டைத் தாராளமாகவே அவர் அள்ளித் தரலாம். அவ்வாறு தந்தால், கிழிப்பதே லாபம் என்ற தவறான பாடம் பிள்ளையின் மனத்தில் பதிந்துவிடும். உண்மை உலகின் பாக்கெட்டை அச்சிடுபவருக்கு அந்தத் தாராளம் இராது. தாம் உள்ளே வைத்ததைவிட அதிகமாக வாங்குவதில்தான் அவருடைய பிழைப்பே இருக்கிறது.

பெற்றோர் செய்யத்தக்கவை

முதலாவதாக, பிள்ளையின் அருகில் ஒரு மணி நேரம் அமர்ந்து அந்தக் கடையைப் பாருங்கள். பார்க்காமல் தடுப்பதும், பார்க்காமல் விடுவதும் ஒன்றே. கடை வைத்திருக்கும் வாப்பாமார்கள், "ஏன் இந்த விலை வைத்தாய்? இந்தச் சரக்கை ஏன் இவ்வளவு வாங்கினாய்?" என்று கேட்டால் போதும். அதுவரை வாய் திறவாத பிள்ளை ஆர்வத்துடன் பேசத் தொடங்குவான்.

இரண்டாவதாக, யாருடைய பணம் செலவாகிறது என்பதை உறுதியாகத் தெரிந்துகொள்ளுங்கள். ஒரு முறை விலை கொடுத்து வாங்கும் ஆட்டம் வேறு. உள்ளே நுழைந்தபின் மீண்டும் மீண்டும் உண்மைப் பணம் கேட்கும் ஆட்டம் வேறு. இரண்டாவது வகைக்கு வீட்டில் இடம் தராதீர்கள். கைபேசியின் பணம் செலுத்தும் ரகசிய எண்ணைப் பிள்ளையிடம் சொல்லி வைக்காதீர்கள்.

மூன்றாவதாக, ஒரு நோட்டும் பேனாவும் கொடுங்கள். ஆட்டத்தில் பாக்கெட் கிழித்தால் ஒரு பக்கத்தில் அதன் அடக்க விலையையும், மறுபக்கத்தில் உள்ளே கிடைத்த கார்டுகளின் சந்தை விலையையும் எழுதச் சொல்லுங்கள். ஐம்பது பாக்கெட்டுக்குப் பின் இரண்டையும் கூட்டட்டும். அதே ஐம்பதைக் கிழிக்காமல் விற்றிருந்தால் வந்திருக்கும் லாபத்தையும் பக்கத்திலேயே குறிக்கட்டும். எத்தனை பாக்கெட்டுகளில் ஒன்றுமில்லை என்பதையும் எண்ணட்டும். கூட்டல் எப்படி வந்தாலும் நன்மையே. நட்டம் வந்தால் பாடம் தானே தெரிந்துவிடும். லாபம் வந்தால், "இவ்வளவு தாராளமாகக் கொடுத்துவிட்டு உண்மையான ஒரு வியாபாரி எப்படிப் பிழைப்பான்?" என்று கேளுங்கள். அந்தக் கேள்விக்கு அவன் கண்டுபிடிக்கும் விடை, பல ஆண்டுகளுக்கு அவனைக் காக்கும்.

நான்காவதாக, நேரம். ஆட்டத்துக் கடையில் ஒரு நாள் முடிந்ததும் மறுநாள் உடனே தொடங்கிவிடுகிறது. 'இந்த ஒரு நாள் மட்டும்' என்று சொல்லிச் சொல்லியே இஷா தவறிப்போகும். காலையில் பள்ளியும் தவறும். ஆட்டத்துக் கடையின் பலகையைத் திருப்பிச் சாத்தும் நேரத்தை வீட்டுக் கடிகாரம் முடிவு செய்யட்டும். பாங்கு ஒலி கேட்டதும் கடைக் கதவைச் சாத்திவிட்டுப் பள்ளிவாசலுக்கு நடக்கும் வணிகர்கள் நம் தெருக்களில் இன்றும் இருக்கிறார்கள். திரைக்கடை முதலாளிக்கும் அதே ஒழுங்கு பொருந்தும்.

ஐந்தாவதாக, விடுமுறை நாளில் பிள்ளையை உண்மைக் கடைக்கு அழைத்துச் செல்லுங்கள். சொந்தக் கடை இல்லாவிட்டால் மாமா கடைக்கோ, பெரியவாப்பா கடைக்கோ அனுப்பி வையுங்கள். திரையில் விலை குறிக்கத் தெரிந்தவன், அடக்க விலையை மனத்தில் வைத்துக்கொண்டு ஒரு மனிதரின் முகத்தைப் பார்த்து விலை சொல்வதற்கும் கற்றுக்கொள்ளட்டும். கடன் நோட்டைப் புரட்டிப் பார்க்கட்டும். எழுதியும் வாராத கணக்குகளுக்கு வாப்பா என்ன செய்கிறார் என்று கேட்டு அறியட்டும்.

மாணவனுக்கு நான் கொடுத்த வேலையும் அந்த நோட்டுக் கணக்குத்தான். மறுவாரம் அவன் கொண்டுவந்த தாளில் ஒரு பக்கம் முழுவதும் சிறு சிறு எண்கள்; மறுபக்கத்தில் எங்கோ ஓரிடத்தில் ஒரே ஒரு பெரிய எண். "இதை மட்டும்தான் ஹஜ்ரத் ஞாபகம் வச்சிருந்தேன். மத்ததெல்லாம் எழுதினப்புறம்தான் தெரிஞ்சுச்சு," என்றான்.

சூதின் வலிமை முழுவதும் அந்த மறதியில்தான் இருக்கிறது. வணிகத்தின் வலிமையோ நினைவில் இருக்கிறது. அந்த நினைவுக்குப் பெயர்தான் கணக்கு. நம் பிள்ளைகள் எந்தக் கடையில் அமர்ந்தாலும், திரைக்குள் இருந்தாலும் தெருவில் இருந்தாலும், கணக்கு எழுதத் தெரிந்தவர்களாக அமரட்டும். தன் கணக்கைத் தானே பார்த்துக்கொள்ளும் பழக்கம் இம்மையின் கல்லாவுக்கு மட்டும் உரியதன்று என்பதை, வளர்ந்தபின் அவர்களே உணர்ந்துகொள்வார்கள், இன்ஷா அல்லாஹ்.